விழுகிறவரின் நடிப்பு

திரையில் நாம் பார்க்கும் குத்து யார்மீதும் படுவதில்லை. நாயகனின் முஷ்டி எதிராளியின் தாடைக்கு அரையடி தள்ளித்தான் கடந்து போகிறது. அந்த இடைவெளி கண்ணுக்குத் தெரியாதபடி, பெரும்பாலும் யாராவது ஒருவரின் தோளுக்குப் பின்னால், கேமராவை வைத்திருப்பார்கள். சத்தம் பிற்பாடு ஒலிக்கூடத்தில் வந்து சேர்கிறது. அப்படியானால் அந்தக் குத்துக்கு வலு எங்கிருந்து வந்தது? கை கடந்த அதே கணத்தில் கழுத்தைச் சுண்டித் திருப்பி, இடுப்பை ஒடித்து, இரண்டு பாதமும் தரையைவிட்டுக் கிளம்ப, பின்னாலிருந்த மேசைமேல் போய் விழுந்தாரே ஒருவர், அவரிடமிருந்து வந்தது. கை வருவதற்கு இமைப்பொழுது முன்னால் தலை திரும்பிவிட்டால் கொட்டகை சிரித்துவிடும். இமைப்பொழுது பிந்தினால் நாயகனின் கையில் பலமில்லை என்று தோன்றிவிடும். ஃபைட்டர்கள் இதை ‘டைமிங்’ என்கிறார்கள், ‘ரியாக்‌ஷன்’ என்கிறார்கள். வீசுகிறவர் கையை வீசிவிட்டுப் போய்விடலாம். அது அடிதான் என்று நம்மை நம்பவைக்கிற பொறுப்பு முழுவதும் வாங்குகிறவருடையது.

இதை நடிப்பு என்று நாம் சொன்னதே இல்லை. கண்ணீர் விடுகிறவர் நடிகர், வசனம் பேசுகிறவர் நடிகர், பாட்டுக்கு உதடசைக்கிறவர்கூட நடிகர். முதுகால் விழுந்து, இல்லாத அடிக்கு உடம்பு முழுவதையும் சாட்சியாகக் கொடுக்கிறவரை மட்டும் ஃபைட்டர் என்று தள்ளி நிறுத்திவிடுகிறோம். சினிமாவைப் பற்றி இவ்வளவு எழுதிக் குவித்திருக்கிற நம் சிறுபத்திரிகைகளும் இந்த மனிதர்களின் பக்கம் அதிகம் திரும்பியதில்லை. பாடலாசிரியருக்கு, ஒளிப்பதிவாளருக்கு, படத்தொகுப்பாளருக்குக்கூடக் கட்டுரை உண்டு. சண்டைக்காட்சியை வணிக சினிமாவின் கழிவு என்று ஒதுக்கியபோது, அதற்குள் வேலை செய்த உடல்களையும் சேர்த்தே ஒதுக்கிவிட்டோம்.

மலைக்கோட்டையைச் சுற்றியிருந்த கொட்டகைகளில் படம் பார்த்து வளர்ந்த எங்களுக்கு, கெயிட்டியில் பார்த்த சண்டையைப் பற்றி மறுநாள் முழுக்கப் பேச்சு ஓடும். கோடையில் காவிரி வற்றி, அம்மா மண்டபத்துக்கு எதிரே மணலாகக் கிடக்கும்போது அதை நடித்துப் பார்ப்போம். நாயகனாக இருக்க எல்லாருக்கும் ஆசை. அடி வாங்கத்தான் ஆள் தேட வேண்டும். ஆனால் பையன்களில் யாராவது ஒருவனுக்கு இயல்பாகவே விழத் தெரிந்திருக்கும். கை ஓங்கியதும் பல்டி அடித்து மணலில் உருண்டு, வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்து மறுபடியும் வருவான். அவன் எதிர்த்தரப்பில் இருந்தால் நோஞ்சானான பையன்கூட எம்.ஜி.ஆர். ஆகிவிடுவான். எங்கள் எல்லாரிலும் நல்ல நடிகன் அவன்தான் என்பது அப்போது ஒருவருக்கும் தோன்றவில்லை.

தமிழ் சினிமாவின் வாசற்படியிலேயே ஒரு ஸ்டன்ட் நடிகர் நிற்கிறார். 1905-இல் திருச்சியில் ரயில்வே எழுத்தராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், டூபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் படச்சுருள்களையும் விலைக்கு வாங்கிக்கொண்டு ஊர் ஊராகக் கிளம்பினார். யூஜின் சாண்டோ என்ற ஐரோப்பியப் பலசாலி இந்தியாவைச் சுற்றிவந்து மேடையில் தன் தசைகளைக் காட்டியதும் அதே காலம்தான். திருச்சிக்குத் தெற்கே புதுக்கோட்டைச் சமஸ்தானத்தில் பி.கே.நாகலிங்கம் அப்போது சிறுவன். உடற்பயிற்சியில் தேறி வளர்ந்த அவர் பம்பாய்க்குப் போய், 1920களின் தொடக்கத்தில் எஸ்.என்.படாங்கரின் நேஷனல் ஃபிலிம் கம்பெனியில் ஸ்டன்ட் நடிகராகச் சேர்ந்தார். ராஜா சாண்டோ ஆனார். சில ஆண்டுகளுக்குள் கோஹர், சுலோசனா போன்ற பெரிய நடிகைகளுக்கு ஜோடியாக நடிக்கும் நாயகனாகவும் ஆகிவிட்டார். ‘குணசுந்தரி’ வந்தது 1927-இல். பிறகு சென்னைக்கு வந்து ‘பேயும் பெண்ணும்’, ‘அநாதைப் பெண்’ என்று மௌனப் படங்களை இயக்கினார். பேசும்படம் வந்தபின் டி.கே.எஸ். சகோதரர்களை வைத்து ‘மேனகா’ (1935).

அவருடைய வாழ்க்கையில் என்னைப் பிடித்து நிறுத்துவது ஒரு விஷயம். ஸ்டன்டிலிருந்து நாயக வேடத்துக்குப் போக அவர் எந்த மதிலையும் ஏறிக் குதிக்க வேண்டியிருக்கவில்லை. மௌனப் படத்தில் குரல் கிடையாது. காதலைச் சொல்வதும் உடம்புதான், மாடியிலிருந்து குதிப்பதும் அதே உடம்புதான். நடிப்பு ஒரு பக்கம், சாகசம் ஒரு பக்கம் என்று பிரித்துவைக்க அன்றைக்கு அவசியமே எழவில்லை. பேச்சும் பாட்டும் வந்த பிறகுதான் முகமும் குரலும் மேலே ஏறின, உடம்பு கீழே இறங்கியது. 1939-இல் வந்த ‘திருநீலகண்டர்’ படத்தில் அந்த மாற்றத்தைக் கண்ணாரப் பார்க்கலாம். நாயகன் திருச்சியின் எம்.கே.தியாகராஜ பாகவதர். அந்தக் குரலுக்காகவே ஜனங்கள் வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள். இயக்கியவர் ராஜா சாண்டோ. உடம்பால் பேசத் தொடங்கிய மனிதர், குரல் ஆளப்போகும் காலத்துக்குத் தம் கையாலேயே கதவைத் திறந்துவிட்டார். 1943-இல் காலமானார். தமிழக அரசு அவர் பெயரில் விருது வழங்குகிறது. அந்தப் பெயருக்குரியவர் சினிமாவுக்குள் நுழைந்தது ஸ்டன்ட் நடிகராக என்பது விருது மேடைகளில் அபூர்வமாகத்தான் பேசப்படுகிறது.

பெண்களும் அந்த வெளியில் இருந்தார்கள். 1937-இல் வந்த ‘மின்னல் கொடி’யில் கே.டி.ருக்மணி கொள்ளைக்காரியாகச் சண்டை போட்டு நடித்தார். பிற்காலத்தில் நாயகிக்கு டூப் தேவைப்பட்டபோது ஆண்களுக்கே புடவை கட்டி அனுப்பிய திரையுலகம், அதற்கு முன் இப்படியும் இருந்திருக்கிறது.

இதற்கு நாடகத்திலும் ஒரு வேர் உண்டு. பாய்ஸ் கம்பெனிகளில் பையன்களுக்குப் பாட்டும் வசனமும் போலவே கத்திச்சண்டையும் சிலம்பமும் பாடம். கள்ளபார்ட் வேடம் போடுகிறவர் துள்ளிக் குதித்து வந்தால்தான் மேடை கலகலக்கும். திருச்சி தேவர் ஹாலில் நாடகம் பார்த்தவர்களுக்கு இது புரியும். சங்கிலியாண்டபுரத்திலிருந்து சிவாஜி கணேசன் நாடகக் கம்பெனிக்குப் போனதும், அதே பகுதியின் காகா ராதாகிருஷ்ணன் பிறகு துணை நடிகராக ஒரு நீண்ட ஆயுளை வாழ்ந்ததும் ஊரறிந்த கதைகள். செயின்ட் ஜோசப் கல்லூரியில் படித்த திருச்சிக்காரர் எஸ்.ஏ.அசோகன், எம்.ஜி.ஆர். படங்களில் எத்தனை முறை தோற்றிருப்பார்! வில்லன் தோற்பதற்கும் ஃபைட்டர் விழுவதற்கும் நெருங்கிய உறவு உண்டு. இருவருமே தங்களைக் குறைத்துக் காட்டி இன்னொருவரைப் பெரிதாக்குகிறார்கள். அசோகன் தோற்கும்போது முகத்தில் ஒரு குழப்பம் வரும், தான் தோற்கக்கூடும் என்று கடைசி நொடிவரை அவருக்குத் தெரியாததுபோல. அந்தக் குழப்பத்தில்தான் நாயகனின் வெற்றிக்குச் சுவை. துணை நடிகர் என்று நாம் போகிறபோக்கில் சொல்லிவிடுகிற இடத்தில் இப்படிப்பட்ட வேலை நடந்திருக்கிறது.

நட்சத்திரம் என்ற ஏற்பாடு உறுதிப்பட்டதும் நட்சத்திரத்தின் எலும்பு தயாரிப்பாளரின் முதலீடாகிவிட்டது. கால் முறிந்தால் படம் நின்றுவிடும். ஆகவே அதே சட்டை, அதே விக்கோடு இன்னொருவர் வந்து குதிக்க வேண்டும். எம்.ஜி.ஆரின் மெய்க்காப்பாளராக இருந்த கே.பி.ராமகிருஷ்ணன், அவருக்கு டூப்பாகவும் நின்றவர். இரட்டை வேடப் படங்களில் ஒரு எம்.ஜி.ஆர். பேசும்போது எதிரே முதுகு காட்டி நிற்கும் இன்னொரு எம்.ஜி.ஆரின் முதுகை யோசித்துப் பாருங்கள். கோடிக்கணக்கானவர்கள் அதைப் பார்த்திருக்கிறார்கள். அந்த முதுகு எம்.ஜி.ஆராகவே நின்றிருக்கிறது. நிற்கிற தோரணை ஒரு விரற்கடை பிசகினால் மாயம் கலைந்துவிடும். முகமே இல்லாமல் ஒருவராக இருப்பது முகத்தை வைத்துக்கொண்டு நடிப்பதைவிடக் கடினம் என்றுதான் நினைக்கிறேன்.

இந்தத் தொழிலின் முழு நீளத்தையும் ஒருவரிடம் பார்க்க வேண்டுமென்றால் ஜூடோ கே.கே.ரத்னம் இருக்கிறார். குடியாத்தத்துக்காரர். 1959-இல் ‘தாமரைக்குளம்’ படத்தில் நடிகராக நுழைந்தார். 1966-இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் ‘வல்லவன் ஒருவன்’ படத்தில் ஸ்டன்ட் மாஸ்டரானார். அதில் நாயகன் ஜெய்சங்கர். பதினான்கு ஆண்டுகள் கழித்து, ஏவி.எம்.மின் ‘முரட்டுக்காளை’யில் அதே ஜெய்சங்கர் வில்லன். நாயகன் ரஜினிகாந்த், சண்டை ரத்னம். ஓடும் ரயிலின் கூரைமேல் நடந்த அந்தச் சண்டையைப் பார்த்துவிட்டு, கொள்ளிடம் பாலத்தில் ரயில் போகும்போதெல்லாம் கூரையை அண்ணாந்து பார்த்த பையன்கள் எங்கள் பக்கத்தில் நிறைய. நாயகனாக இருந்தவரை வில்லனாக விழவைப்பதற்கும் ஒரு மரியாதை வேண்டும். ஜெய்சங்கர் அந்தப் படத்தில் கம்பீரம் குறையாமல் தோற்கிறார். அதில் ரத்னத்தின் கையும் இருக்கிறது என்றே நம்புகிறேன்.

பல மொழிகளில் 1,200-க்கும் மேற்பட்ட படங்கள். சூப்பர் சுப்பராயன், விக்ரம் தர்மா, ஜாகுவார் தங்கம் என்று அடுத்த தலைமுறையின் மாஸ்டர்கள் பலரும் அவருடைய குழுவில் ஃபைட்டர்களாக இருந்து உருவானவர்கள். 2006-இல் ‘தலைநகரம்’ படத்தில் நடித்தார். 2023 ஜனவரி 26 அன்று, 92 வயதில் குடியாத்தத்தில் காலமானார். ஒரு ஸ்டன்ட் மனிதர் தொண்ணூறைத் தாண்டி வாழ்ந்து சொந்த ஊரில் கண்மூடுவதே எனக்குப் பெரிய சாதனையாகப் படுகிறது.

எல்லாருக்கும் அப்படி வாய்ப்பதில்லை. பொதுவாக ஒரு ஃபைட்டர் இளவயதில் சங்கத்தில் சேர்கிறார். 1960களின் பிற்பகுதியிலிருந்து சென்னையில் இவர்களுக்கென்று தனிச் சங்கம் இருக்கிறது. அப்பாவோ மாமாவோ அதே தொழிலில் இருந்தால் வழி எளிது. முதலில் கும்பலில் ஒருவர். பிறகு கண்ணாடியை உடைத்துக்கொண்டு விழுகிறவர். பிறகு தீ, உயரம், வண்டி. நாள் சம்பளம் போக, ஆபத்தான ஷாட்டுக்குத் தனிப்பணம். அந்தத் தனிப்பணம்தான் பிள்ளைகளின் பள்ளிக் கட்டணமாகவும் வீட்டு வாடகையாகவும் ஆகிறது. ஆகவே ‘முடியாது’ என்று சொல்ல நா எழாது. நாற்பதைத் தாண்டும்போது முட்டியும் இடுப்பும் பேச ஆரம்பிக்கின்றன. சிலர் மாஸ்டராகிறார்கள். அதற்குப் படம் அமைய வேண்டும், நடிகரின் நம்பிக்கை வேண்டும். மற்றவர்களுக்கு இருக்கும் வழி முகத்தைக் காட்டுவது. வில்லனுக்கு வலப்பக்கம் நிற்கும் அடியாள், காவல் நிலையத்தில் ஒரு ஏட்டு, ஊர்ப் பெரியவருக்குக் குடை பிடிக்கிறவர். ஒரு வரி வசனம் கிடைத்தால் அன்றைக்கு வீட்டில் பண்டிகை. துணை நடிப்பு என்பது பலருக்கு உடம்பு ஓய்ந்தபின் வந்து சேரும் இரண்டாவது வாழ்க்கை. அந்த அடியாள்களை அடுத்த முறை திரையில் பார்க்கும்போது அவர்கள் நிற்கும் விதத்தைக் கவனியுங்கள். எடையை எந்தக் காலில் வைப்பது என்று தெரிந்து நிற்பார்கள். வசனம் பேசப் பழகிய நடிகர்களிடம் அந்த நிற்பைக் காண்பது அரிது.

உடம்பின் கலைக்கு எங்கள் பக்கத்தில் வேறொரு மேடையும் உண்டு. ஸ்ரீரங்கத்தில் மார்கழியில் இராப்பத்து எட்டாம் நாள் வேடுபறி. நம்பெருமாள் தங்கக் குதிரை வாகனத்தில் மணல்வெளிக்கு எழுந்தருளுவார். திருமங்கை மன்னன் கள்வர்களோடு வந்து வழிமறிப்பார். அவர் வழிப்பறி செய்ய வந்து எட்டெழுத்து மந்திரத்தைப் பெற்றுப்போன கதை அங்கே மண்ணில் நடத்திக் காட்டப்படுகிறது. அதில் என்னைக் கட்டிப்போடுவது வையாளி. குதிரை முன்னும் பின்னுமாகப் பாய்கிறது, சட்டென்று திரும்புகிறது, மறுபடி பாய்கிறது. கூட்டம் ஆர்ப்பரிக்கிறது. ஓடுகிறவர்கள் ஸ்ரீபாதம் தாங்கிகள். அவ்வளவு பெரிய வாகனத்தையும் அதன்மேல் பெருமாளையும் தோளில் ஏற்றிக்கொண்டு, மணலில் கால் புதையப் புதைய, ஒருவர் அடியெடுப்பது மற்றவருக்குத் தெரிந்து, ஒரே மூச்சாக ஓடுகிறார்கள். பல ஜோடிக் கால்கள் சேர்ந்து ஒரு குதிரையின் பாய்ச்சலை உண்டாக்குகின்றன. ஸ்டன்ட் என்ற சொல் இந்த நாட்டுக்கு வருவதற்கு முன்பே இருந்த ஸ்டன்ட் இது. பக்திக்குக் குறைவு வரும்படி இதைச் சொல்லவில்லை. உடம்பின் கலையை இவ்வளவு உயரத்தில் வைத்த ஊர் என்ற பெருமையோடு சொல்கிறேன்.

அவர்களுடைய கலை ஓடுவதோடு முடிவதில்லை. புறப்பாட்டில் பெருமாளுக்குப் பல நடைகள் உண்டு. வைகுண்ட ஏகாதசி விடியற்காலை நம்பெருமாள் கருவறையிலிருந்து சிம்ம கதியில் வெளியே வருவார். குகையைவிட்டு வரும் சிங்கம் நின்று இடமும் வலமும் பார்த்து அடியெடுத்து வைப்பதுபோல. திரும்ப உள்ளே போகும்போது சர்ப்ப கதி. நெளிந்து, ஊர்ந்து புற்றுக்குள் போவது. இவை அனைத்தும் தாங்குகிறவர்களின் முழங்காலிலும் இடுப்பிலும் தோளிலும் இருக்கின்றன. காய்ப்பேறிய அந்தத் தோள்கள் கொஞ்சம் சாய்ந்தால் பெருமாள் திரும்பிப் பார்க்கிறார். சுற்றி நிற்கிறவர்கள் நெஞ்சுருகிக் கைகூப்புகிறார்கள்.

இந்த இடத்தில்தான் என் மனம் சினிமாவுக்குத் தாவுகிறது. ஸ்ரீபாதம் தாங்கிகளை யாரும் ஒளித்துவைப்பதில்லை. வேர்வை வழிய, மூச்சு வாங்க, எல்லார் கண்ணெதிரிலும் அவர்கள் நிற்கிறார்கள். தாங்குகிறவரும் தெரிகிறார், சிங்கமும் தெரிகிறது. தாங்குகிறவர் தெரிவதால் பெருமாளின் நடையில் அணுவளவும் குறைவதில்லை. பார்க்கப்போனால் இத்தனை பேர் தோள்கொடுத்து எழுந்தருளப்பண்ணும் காட்சியாக அது இருப்பதால்தான் உள்ளம் நெகிழ்கிறது. சினிமா மட்டும் வேறொரு அச்சத்தில் வாழ்கிறது. டூப் தெரிந்துவிட்டால் நாயகன் செத்துவிடுவான் என்று நினைக்கிறது. முன்பு தலைமுடியால் முகத்தை மறைத்தார்கள், இப்போது கயிற்றைக் கணினியில் அழிக்கிறார்கள், குதித்தவரின் கழுத்துக்குமேல் நட்சத்திரத்தின் முகத்தையே ஒட்டுகிறார்கள். உழைப்பை மறைக்கவே இன்னொரு உழைப்பு.

மணல்வெளிக்கு அருகிலேயே சேஷராயர் மண்டபம் இருக்கிறது. பாய்ந்தெழும் குதிரைகளும் வீரர்களுமாக விஜயநகரப் பாணியில் செதுக்கிய தூண்கள். வெளியூர்க்காரர்கள் குதிரையையும் மேலிருக்கும் வீரனையும் படம் எடுத்துக்கொண்டு போவார்கள். நான் கீழே பார்க்கச் சொல்வேன். தூக்கிய முன்கால்களுக்கு அடியில் கேடயத்தோடும் வாளோடும் காலாட்கள் நிற்கிறார்கள், புலியோடு மல்லுக்கு நிற்கிறார்கள். அளவில் சிறிய உருவங்கள். ஆனால் அந்தக் கல் குதிரை அந்தரத்தில் எழுந்து நிற்க, முன்கால்களுக்குக் கீழே பிடிமானம் வேண்டும். அதை அந்தக் காலாட்கள் கொடுக்கிறார்கள். சிற்பி அவர்களை வெறும் முட்டாக விட்டுவிட்டுப் போயிருக்கலாம். போகவில்லை. தசையின் முறுக்கு, இடுப்புக் கச்சை, பல்லைக் கடித்த முகம் என்று ஒவ்வொருவருக்கும் நேரம் செலவழித்திருக்கிறான்.

திரையில் அப்படி நேரம் செலவழிக்கப்பட்ட ஒரு முகம் ராஜேந்திரனுடையது. நூற்றுக்கணக்கான படங்களில் அடிவாங்கிய ஃபைட்டர் அவர். வயநாட்டின் கல்பற்றாவில் ஒரு மலையாளப் படப்பிடிப்பில் தண்ணீரில் குதித்தார். அதில் தொழிற்சாலைக் கழிவின் ரசாயனம் கலந்திருந்தது. தலைமுடி, புருவம் எல்லாம் உதிர்ந்துபோயின. கும்பலில் ஒருவராக நிற்க வேண்டிய தொழிலில் தனித்துத் தெரியும் முகம் வந்துவிட்டால் பிழைப்பு என்னவாகும்? 2009-இல் ‘நான் கடவுள்’ படத்தில் இயக்குநர் பாலா அந்த முகத்துக்கு நேராகக் கேமராவை வைத்தார். பிச்சையெடுக்கவைக்கப்பட்ட உடல்களை ஆளும் கொடியவனாக, உடல்களின் வலி என்னவென்று முழுவதும் அறிந்த ஒருவர். அந்த வேடத்தில் அவர் குரலைவிடக் கழுத்தும் தோளும் அதிகம் பேசுகின்றன. அடுத்த ஆண்டே ‘பாஸ் என்கிற பாஸ்கரன்’. பிறகு நகைச்சுவை நடிகராக வீட்டுக்கு வீடு தெரிந்த முகம். குழந்தைகள் அவரைப் பார்த்தாலே சிரிக்கிறார்கள். அவர் சிரிக்கவைக்கும் இடங்களைக் கவனித்தால் எல்லாமே டைமிங். ஒரு பார்வை, தாமதமாக ஒரு திரும்பல், சட்டென்று ஒரு நிறுத்தம். அடி வாங்கிப் பழகிய உடம்புக்கு எதிராளியின் மூச்சு எப்போது முடியும் என்று தெரியும். இத்தனை காலம் இந்த நடிகரை முதுகாக மட்டுமே பயன்படுத்தியிருக்கிறோமே என்று எனக்கு ஆறாத வருத்தம்.

எல்லா ஃபைட்டர்களும் உயிரோடு மீள்வதில்லை. 2022 டிசம்பரில் ‘விடுதலை’ படப்பிடிப்பில் கயிறு அறுந்து விழுந்து ஸ்டன்ட் கலைஞர் சுரேஷ் இறந்தார். 2024 ஜூலையில் ‘சர்தார் 2’ படத்தளத்தில் உயரத்திலிருந்து விழுந்து ஏழுமலை இறந்தார். 2025 ஜூலை 13 அன்று நாகப்பட்டினம் மாவட்டத்தில் ‘வேட்டுவம்’ படப்பிடிப்பில், கார் பாய்ந்து கவிழும் காட்சியில் மோகன்ராஜ் இறந்தார். கார் சாகசங்களில் தேர்ந்தவர் என்று திரையுலகமே அறிந்த மூத்த கலைஞர் அவர். அந்தக் கடைசி ஓட்டத்தின் காணொளி கைபேசிகளில் சுற்றியது. ஒரு கலைஞரின் கடைசி நொடியைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டுப் பார்த்த ஊர் நாம். அவர் அதற்குமுன் பத்திரமாக இறங்கிய எத்தனையோ ஓட்டங்களுக்கு, அவை யாருடையவை என்று கேட்காமலே கைதட்டியிருக்கிறோம். அதன்பிறகு இந்தி நடிகர் அக்‌ஷய் குமார் நாடெங்கும் 600-க்கும் மேற்பட்ட ஸ்டன்ட் கலைஞர்களுக்குக் காப்பீட்டுக்கு ஏற்பாடு செய்திருக்கிறார் என்ற செய்தி வந்தது. அவர் நன்றாக இருக்கட்டும். ஆனால் ஒரு தொழிலாளியின் உயிருக்கான காப்பீடு ஒரு நட்சத்திரத்தின் நல்ல மனதை நம்பி இருக்கக் கூடாது. படத்தின் பட்ஜெட்டில் முதல் வரியாக இருக்க வேண்டிய செலவு அது. ராம்ப் எத்தனை அடி, வேகம் எவ்வளவு, ஆம்புலன்ஸ் எங்கே, பயிற்சி ஓட்டம் உண்டா, வேண்டாம் என்று சொல்கிற அதிகாரம் யாருக்கு என்பதெல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். அந்த அதிகாரம் குதிக்கிறவருக்கு இருக்க வேண்டும்.

அங்கீகாரம் கொஞ்சம் கொஞ்சமாக வருகிறது. 2016-ஆம் ஆண்டின் படங்களுக்கான தேசிய விருதுகளில் சண்டை இயக்கத்துக்கென்று விருது சேர்க்கப்பட்டு, ‘புலிமுருகன்’ படத்துக்காகப் பீட்டர் ஹெய்ன் பெற்றார். ஆஸ்கரிலும் 2027-இல் வெளியாகும் படங்களிலிருந்து ஸ்டன்ட் வடிவமைப்புக்கு விருது தரப்போகிறார்கள். மகிழ்ச்சிதான். இருந்தாலும் இவை வடிவமைக்கிற மாஸ்டருக்கான விருதுகள். விழுகிறவருக்கு இன்னும் வரவில்லை.

தாங்குகிறவரைக் காட்டினால் நாயகன் குறைந்துவிடுவான் என்ற பயத்துக்கு ஜாக்கி சான் எப்போதோ பதில் சொல்லிவிட்டார். புரூஸ் லீயின் ‘ஃபிஸ்ட் ஆஃப் ஃப்யூரி’யில் (1972) சுவரை உடைத்துக்கொண்டு பறக்கும் வில்லனுக்கு டூப்பாக விழுந்தவர் அவர். பின்னாளில் தம் படங்களின் முடிவில், குதித்துத் தவறியதையும் அடிபட்டதையும் ஆம்புலன்ஸில் ஏற்றியதையும் பெயர்களோடு சேர்த்தே ஓடவிட்டார். தம்மோடு விழுந்த குழுவினரையும் காட்டினார். திருச்சியில் அவர் படங்களுக்கு எழுந்து போகாமல் கடைசிவரை உட்கார்ந்திருந்த கூட்டம் அதைப் பார்த்துவிட்டு அவரை இன்னும் அதிகமாகக் கொண்டாடியது.

நம் படங்களில் முதலிலேயே சண்டை இயக்குநரின் பெயர் தனியாக வருகிறது. ஃபைட்டர்களின் பெயர்கள் வருவதானால் கடைசியில், விளக்குப் போட்டு, கதவு திறந்து, ஜனங்கள் செருப்பைத் தேடிக்கொண்டிருக்கும்போது பொடி எழுத்தில் ஓடுகின்றன. அதை மாற்ற ஒரு இயக்குநர் நினைத்தால் போதும். மாஸ்டரின் பெயருக்குக் கீழே, அந்தப் படத்தில் விழுந்தவர்களின் பெயர்கள், ஒவ்வொரு பெயரோடும் ஒரு முகம். எந்தக் காட்சியில் யார் யாருக்காகக் குதித்தார் என்பதும் சேர்ந்தால் இன்னும் நல்லது. கொட்டகையில் விளக்கு அணைந்ததும், நாயகனின் பெயருக்கு விசில் அடிக்கும் முன்பே, அந்த முகங்கள் வந்துவிட வேண்டும்.